முள் நகரவில்லை

மூன்று நாளாக மதினியைத் தெப்பக்குளத்துப் பக்கம் காணவில்லை. காலை ஐந்தே முக்காலுக்கெல்லாம் செருப்பைத் தேய்த்துக்கொண்டு கரைக்கு வந்துவிடுகிறவர். ஒரு சுற்று ஒரு கிலோமீட்டருக்கு மேல் வரும். அதற்குள் தெருவில் நடந்த கதை ஒன்றைத் தொடங்கி முடித்துவிடுவார். நாலாம் நாள் சாயங்காலம் வீட்டுக்கே வந்தார். பால் அடுப்பில் இருந்தது.

"கால் வலியா மதினி?"

"காலெல்லாம் நல்லாத்தான் இருக்கு. மூணு மாசமா நடக்குறேன். நாலு நாளைக்கு முந்தி மருந்துக்கடை மிஷின்ல ஏறி நிக்கிறேன், எழுவத்திரெண்டு. ஆரம்பிச்சப்பயும் எழுவத்திரெண்டு. முள்ளு ஒரு கோடு நகரல ஏத்தா. பெறகு என்னத்துக்கு விடியக்காலம் எந்திரிச்சு நாய்க்குப் பயந்துக்கிட்டு நடக்கணும்ங்கறேன்?"

நியாயமான கேள்விதான். இதே கேள்வியோடு நடையை நிறுத்தியவர்கள் எங்கள் கரையிலேயே பத்துப் பேர் தேறுவார்கள். தைமாதத் தெப்பத் திருவிழாவுக்கு முன்னால் புது ஷூ போட்டுக்கொண்டு வரும் கூட்டம் பங்குனி வெயிலுக்குள் கரைந்துவிடும். கேட்டால் எல்லோருக்கும் ஒரே பதில்: எடை இறங்கல.

மதினிக்கு வயது 58. மூன்று மாதச் சர்க்கரை 6.1 என்று வந்திருந்தது. 5.7-லிருந்து 6.4 வரை எல்லைக்கோடு. டாக்டர், "நடங்க, எடையைக் குறைங்க" என்று ஒரே மூச்சில் சொல்லி அனுப்ப, மதினி இரண்டையும் ஒன்றாகவே எடுத்துக்கொண்டார். நடை என்பது முள்ளை இறக்கச் செய்யும் வேலை. முள் இறங்குவதுதான் கூலி. கூலி தராத வேலைக்கு எவர் போவார்?

நான் டாக்டர் இல்லை. முப்பது வருஷம் உயிரியல் பாடம் எடுத்தவள். ஒரே விஷயத்தை ஏழு விதமாகச் சொல்லும் பழக்கம் ஓய்வு பெற்ற பிறகும் போகவில்லை. இஞ்சியைத் தட்டிப் போட்டுவிட்டு ஆரம்பித்தேன்.

"அந்த எழுவத்திரெண்டுல என்னென்ன இருக்குன்னு மிஷின் சொல்லுச்சா மதினி?"

எலும்பு, ரத்தம், தசை, கொழுப்பு, காலையில் தின்ற இட்லி, குடித்த தண்ணீர் எல்லாம் சேர்ந்ததுதான் அந்த 72. அரை லிட்டர் தண்ணீர் குடித்துவிட்டு ஏறி நின்றால் அரைக் கிலோ கூடியிருக்கும். ஈரலும் தசையும் கொஞ்சம் மாவுச்சத்தை அவசரச் சேமிப்பாக வைத்திருக்கின்றன. அதில் ஒவ்வொரு கிராமோடும் ஏறக்குறைய மூன்று கிராம் தண்ணீர் தங்குகிறது. பட்டினி கிடந்தால் முதலில் காலியாவது இந்தச் சேமிப்பு. 'ஒரே வாரத்தில் இரண்டு கிலோ' என்கிற விளம்பரங்களின் சூட்சுமம் இதுதான். போனதில் பெரும்பங்கு தண்ணீர். வயிறார இரண்டு வேளை சாப்பிட்டால் திரும்ப வந்துவிடும்.

ஒரு காலத்தில் ரயில் நிலையங்களில் கலர் விளக்கு சுற்றும் எடை இயந்திரம் இருந்ததே, ஞாபகம் இருக்கிறதா? காசு போட்டால் ஒரு சின்ன அட்டை விழும். ஒரு பக்கம் எடை, இன்னொரு பக்கம் பலன். பாதி பேர் பலனைத்தான் முதலில் படிப்பார்கள். இப்போது அட்டையில் பலன் இல்லை. எடையையே பலனாகப் படித்துக்கொள்கிறோம். இறங்கினால் நல்ல நாள், ஏறினால் அஷ்டமி.

"அப்ப நடந்து என்னதான் ஆச்சு?" என்றார் மதினி.

அதற்குச் சென்னையிலிருந்தே பதில் இருக்கிறது. டாக்டர் ஏ. ராமச்சந்திரனின் குழு நடத்திய இந்திய நீரிழிவுத் தடுப்புத் திட்டம். 2006-ல் முடிவு வெளியானது. மதினியைப் போல எல்லைக்கோட்டில் நின்ற 531 பேரை நான்கு பிரிவாக்கினார்கள். ஒரு பிரிவுக்கு வழக்கமாகச் சொல்லும் யோசனை மட்டும். ஒரு பிரிவுக்குத் தினம் அரைமணி நடையும் சர்க்கரை, எண்ணெய், சோற்றளவில் கொஞ்சம் கட்டுப்பாடும். மூன்றாவதற்கு மெட்ஃபார்மின் மாத்திரை. நான்காவதற்கு நடையும் மாத்திரையும். சுமார் 30 மாதம் கழித்துப் பார்த்தால், முதல் பிரிவில் 55 சதவீதம் பேருக்குச் சர்க்கரை நோய் வந்திருந்தது. நடந்த பிரிவில் 39 சதவீதம். மாத்திரைப் பிரிவும் கிட்டத்தட்ட அதே. இரண்டையும் சேர்த்ததால் கூடுதல் லாபம் எதுவும் இல்லை.

மதினிக்கு நான் சொல்ல வந்தது அடுத்த வரியைத்தான். நடந்த பிரிவினரின் எடை, சொல்லிக்கொள்ளும்படி இறங்கவே இல்லை. அவர்களும் மருந்துக்கடை மிஷினை நம்பியிருந்தால் மூன்றாம் மாதமே வீட்டில் உட்கார்ந்திருப்பார்கள்.

மதினி லேசுப்பட்டவர் இல்லை. "நூத்துக்கு முப்பத்தொம்பது பேருக்கு வந்துருச்சுல்ல?"

வந்துவிட்டதுதான். நடை என்ன, தாயத்தா? ஆனால் 55-க்கும் 39-க்கும் நடுவில் இருக்கிற அந்தப் பதினாறு பேரில் நாம் ஒருவராக இருக்கலாம் அல்லவா?

எடை இறங்காமல் நோய் எப்படித் தள்ளிப் போகும்? டீயை வடிகட்டிக்கொண்டே சொன்னேன். சாப்பிட்ட சோறு சர்க்கரையாகி ரத்தத்தில் வருகிறது. அது தசைக்குள் போயாக வேண்டும். தசையின் முன்வாசலுக்குச் சாவி இன்சுலின். எல்லைக்கோட்டில் நிற்பவர்களுக்குச் சாவி இருக்கும், பூட்டுத்தான் துருப்பிடித்திருக்கும். எத்தனை சாவி போட்டாலும் லேசில் திறக்காது. ஆனால் தசைக்கு ஒரு கொல்லைக் கதவு உண்டு. வேலை செய்கிற தசை அதைத் தானே திறந்து, சாவி இல்லாமலே சர்க்கரையை உள்ளே இழுத்துக்கொள்ளும். நடந்து முடித்த பிறகும் சில மணி நேரம் அந்தக் கதவு ஒருக்களித்தே இருக்கும். முன்வாசல் பூட்டும் ஒரு நாள், இரண்டு நாள் கொஞ்சம் இளகிக் கொடுக்கும். அப்புறம் பழையபடி இறுகிவிடும். அதனால்தான் ஞாயிற்றுக்கிழமை மட்டும் மூன்று மணி நேரம் நடப்பதைவிடத் தினம் அரைமணி மேல் என்கிறார்கள். இதில் கொழுப்பு கரைந்ததா இல்லையா என்ற பேச்சே இல்லை, பாருங்கள்.

மதினி டம்ளரை உருட்டிக்கொண்டிருந்தார். எனக்கு ஒரு சந்தேகம் தட்டியது.

"பாவாடை நாடாவை இப்ப எப்படி முடியுறீங்க?"

"ஏன் கேக்குற?" என்றவர் சேலைக்கு மேலேயே தடவிப் பார்த்தார். "இப்பல்லாம் ரெண்டு வெரக்கடை கூடத் தொங்குது. நாடா நைஞ்சு நீண்டுருச்சுன்னுல்ல நெனச்சேன்!"

நாடா நீளவில்லை. தையல் மிஷின் இழுப்பறையிலிருந்து இஞ்ச் டேப்பை எடுத்தேன். கடைசி விலா எலும்புக்கும் இடுப்பு எலும்பின் மேல்விளிம்புக்கும் நடுவில் சுற்றி, மூச்சை இயல்பாக வெளியே விட்ட நேரத்தில் பார்க்க வேண்டும். டேப்பைக் கண்டதும் மதினி வயிற்றை உள்ளே எக்கினார். "விடுங்க மதினி, போட்டோவா எடுக்குறோம்?" என்றேன். முப்பத்தைந்தரை அங்குலம். 90 சென்டிமீட்டர். இந்தியப் பெண்களுக்கு 80, ஆண்களுக்கு 90 என்பது மருத்துவர்கள் சொல்லும் வரம்பு. இன்னும் வெகுதூரம் இருக்கிறது, மறைப்பானேன். ஆனால் இரண்டு விரற்கடை எங்கிருந்தோ போயிருக்கிறது. உடம்புக் கொழுப்பு எல்லாம் ஒரே குணம் கொண்டதில்லை. தொடையிலும் பின்புறத்திலும் தோலுக்கடியில் படிவது பெரும்பாலும் சாது. ஈரலையும் குடலையும் சுற்றி வயிற்றுக்குள் படிவதுதான் வம்புக்காரக் கொழுப்பு. நடப்பவர்களுக்கு எடை இறங்காத போதும் உள்ளிருக்கும் இந்தக் கொழுப்பு குறைவதுண்டு. தசை கொஞ்சம் கூடி அந்த இடத்தை எடையில் ஈடுகட்டிவிட்டால் முள்ளுக்கு எதுவும் தெரியாது.

உள்ளிருக்கும் கொழுப்பை எடை காட்டாது என்பதை நம்ப ஒரு படம் போதும். 2004-ல் லான்செட் மருத்துவ இதழில் வந்தது. புணே கே.இ.எம். மருத்துவமனையின் டாக்டர் சித்தரஞ்சன் யாஜ்னிக்கும், லண்டனின் டாக்டர் ஜான் யுட்கினும் அருகருகே நிற்பார்கள். உயரத்தையும் எடையையும் வைத்துக் கணக்கிடும் பி.எம்.ஐ. இருவருக்கும் அச்சாக 22.3. கொழுப்பை அளந்தால் யுட்கினுக்கு 9.1 சதவீதம், யாஜ்னிக்குக்கு 21.2. யுட்கின் மாரத்தான் ஓடியவர், யாஜ்னிக் அப்படியில்லை. ஆனாலும் ஓட்டம் மட்டுமே காரணம் என்று யாஜ்னிக் விடவில்லை. நம் குழந்தைகள் பிறக்கும்போதே எடையில் குறைவாக, கொழுப்பில் அதிகமாகப் பிறப்பதை அவர் புணே பக்கத்துக் கிராமங்களில் அளந்து காட்டியவர். ஆள் ஒல்லி, உள்ளே கொழுப்பு. நம் ஊரில் இப்படிப்பட்ட உடம்புகள் ஏராளம். 'நான்தான் ஒல்லியாச்சே' என்று பரிசோதனைக்கே போகாமல் இருக்கும் என் தம்பியை இந்த இடத்தில் மதினிக்கு நினைவுபடுத்தினேன். குண்டாக இருப்பவரைக் கேலி செய்வதால் வருகிற நஷ்டத்தில் இதுவும் ஒன்று: ஒல்லியாக இருப்பவர் தப்பித்ததாக எண்ணிக்கொள்கிறார்.

பி.எம்.ஐ. என்ற அளவே ஒரு மருத்துவர் கண்டுபிடித்ததில்லை. பெல்ஜியத்து வானியலாளர் அடோல்ஃப் கெட்லே, 1830-களில், மனிதர் கூட்டத்தின் சராசரியைக் கணக்குப் போடப் பயன்படுத்தியது. தனி ஆளின் உடல்நலத்தை எடைபோட அவர் அதை எழுதவில்லை. அமெரிக்காவின் ஆன்செல் கீஸ் 1972-ல் அதைத் தூசி தட்டி இப்போதைய பெயரை வைத்தார். 2025 ஜனவரியில் லான்செட் அமைத்த நிபுணர் குழு, பி.எம்.ஐ.-யை மட்டும் வைத்து ஒருவரை உடல்பருமன் நோயாளி என்று சொல்லாதீர்கள் என்று எழுதியிருக்கிறது. கொஞ்சம் தாமதம்தான்.

"அப்ப எடையே பாக்க வேணாங்கறியா?"

அப்படியும் நான் சொல்லமாட்டேன். எடைக்கும் நோய்க்கும் சம்பந்தமே இல்லை என்று சிலர் இப்போது பேசுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. சென்னை ஆய்வின் முடிவுக்கு நாலு வருஷம் முன்னால் அமெரிக்காவில் இதே போன்ற ஒன்றின் முடிவு வந்தது. அங்கே ஏழு சதவீத எடைக் குறைப்பு, வாரத்துக்கு 150 நிமிட நடை என்று இலக்கு. நோய் வருவது 58 சதவீதம் குறைந்தது. எடை எவ்வளவு இறங்கியதோ அவ்வளவு பலன். முழங்காலைக் கேட்டாலும் சொல்லும்: மூட்டுத் தேய்மானம் உள்ளவர்கள் ஒரு கிலோ இறங்கினால், எடுத்து வைக்கும் ஒவ்வோர் அடியிலும் மூட்டின் மேல் நாலு கிலோ பாரம் குறைகிறது என்று அளந்திருக்கிறார்கள். எடை இறங்கினால் நல்லது. இறங்காவிட்டால் செய்தது வீண் என்பதுதான் தப்பு.

மதினி கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு மெதுவாக, "இருக்குற ஒடம்பு இதுதான்னு ஏத்துக்கிட்டா பெறகு விட்டுர மாட்டமா? பயந்துக்கிட்டு இருந்தாத்தானே வாயக் கட்ட முடியும்?"

இந்தப் பயம் மதினிக்கு மட்டுமா? பயமுறுத்தினால்தான் பிள்ளை படிக்கும் என்று நம்பிய வாத்தியார்கள் பலரோடு வேலை பார்த்தவள் நான். பயத்தில் படித்த பிள்ளை பரீட்சை முடிந்த அன்றே புத்தகத்தைப் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடும். மதினி பயத்தில் செய்த காரியங்கள் எனக்கு மனப்பாடம். 'கொழுத்தவனுக்குக் கொள்ளு' என்று ஒரு கோடை முழுக்கக் கொள்ளு ரசம். ஒரு வருஷம் ராத்திரிச் சாப்பாடே இல்லை. ஒருமுறை நாற்பது நாள் சோற்றைத் தொடாமல் ஐந்து கிலோ இறங்கி, பேத்தி சடங்கு வீட்டுப் பந்தியில் ஆரம்பித்து ஆறு கிலோ ஏறினார். ஒவ்வொரு முறையும் தன்னைத்தான் திட்டிக்கொண்டார். "எனக்கு நாக்கு நீளம்."

நாக்கின் நீளம் இல்லை அது. பி.எம்.ஐ.-க்குப் பெயர் வைத்த அதே ஆன்செல் கீஸ், இரண்டாம் உலகப் போரின் கடைசி ஆண்டில் மின்னசோட்டா பல்கலைக்கழகத்தில் 36 வாலிபர்களை அரைப்பட்டினி போட்டுப் பார்த்தார். அவர்களாக முன்வந்தவர்கள்தான். போரால் பட்டினி கிடந்த மக்களை எப்படித் தேற்றுவது என்று தெரிந்துகொள்ளத்தான் இது. ஆறு மாதத்தில் உடம்பில் கால்வாசி போனது. கூடவே மனசும் மாறியது. சாப்பாட்டைத் தவிர வேறு நினைப்பில்லை. சமையல் புத்தகங்களைப் புரட்டிக்கொண்டிருந்தார்கள், தட்டை நக்கினார்கள். பட்டினி முடிந்ததும், வயிறு நிரம்பிய பிறகும் தின்றுகொண்டே இருந்தார்கள். வலுவான, திடமான வாலிபர்கள் இவர்கள். இப்போது சமீபத்துக்கு வருவோம். அமெரிக்கத் தொலைக்காட்சியில் எடை குறைக்கும் போட்டியில் கலந்துகொண்ட 14 பேரை ஆறு வருஷம் கழித்துக் கெவின் ஹால் என்ற விஞ்ஞானி அளந்தார், 2016-ல் வெளியிட்டார். சராசரியாக 58 கிலோ இறக்கியிருந்தவர்கள் 41 கிலோவைத் திரும்ப ஏற்றியிருந்தார்கள். அதைவிடக் கொடுமை, அவர்கள் உடம்பு சும்மா இருக்கும்போது செலவழிக்கும் ஆற்றல், அந்த எடைக்கு இருக்க வேண்டியதைவிட நாளைக்குச் சுமார் 500 கலோரி குறைந்தே இருந்தது. பஞ்சம் வந்துவிட்டது என்று உடம்பு சிக்கனம் பிடித்துக்கொண்டது. அது துரோகம் செய்யவில்லை, பிழைக்கப் பார்க்கிறது.

'உடம்பை ஏற்றுக்கொள்வது' என்ற பேச்சு எங்கோ விளம்பரக்காரர்கள் கிளப்பியது என்று மதினியின் மகன் நினைக்கிறான். விளம்பரக்காரர்கள் பிந்தி வந்து பிடித்துக்கொண்டவர்கள். 1969-ல் அமெரிக்காவில் பில் ஃபாப்ரே என்ற பொறியாளர், பருத்த தன் மனைவியை ஊர் நடத்திய விதம் பொறுக்காமல் ஒரு சங்கம் தொடங்கினார். குண்டானவர்களையும் மனுஷராக நடத்துங்கள் என்பதுதான் கோரிக்கை.

நமக்கு அது அந்நியமும் இல்லை. 'பூசினாற்போல இருக்கா' என்று என் அப்பத்தா சொன்னால் அது பெண்ணைப் புகழ்வது. 'இளைச்சுப் போயிட்டியே' என்பது அங்கலாய்ப்பு. பிஜித் தீவிலும் சதைப்பிடிப்பான உடம்புக்குத்தான் மதிப்பு இருந்தது. அங்கே ஒரு மாகாணத்துக்கு 1995-ல் தொலைக்காட்சி போனது. ஹார்வர்டின் ஆன் பெக்கர் அப்போதும், மூன்று வருஷம் கழித்தும் பள்ளி மாணவிகளிடம் விசாரித்தார். எடைக்காகச் சாப்பிட்டதை வாந்தி எடுப்பவர்கள் 1995-ல் ஒருவரும் இல்லை. 1998-ல் 11 சதவீதம். அந்தப் பெண்களின் உடம்பு அப்படியேதான் இருந்தது. பார்க்கும் கண் மாறியது.

மதினி மறுபடி டம்ளரை நீட்டினார். "சர்க்கரை?" என்றேன். "ரெண்டு" என்று சொல்ல வந்து, "ஒண்ணரை" என்றார். நாளைக்கு மூன்று டீ, டீக்கு இரண்டு ஸ்பூன் என்றால் டீயிலேயே 25 கிராம் பக்கம் வந்துவிடும். உலக சுகாதார நிறுவனம் ஒரு நாள் முழுவதற்கும் அதற்குள் நின்றால் மிக நல்லது என்கிறது. டீயை விடச் சொல்லி நான் பகையைத் தேடிக்கொள்ளப் போவதில்லை. ஒன்றரை நாக்குக்குப் பழகட்டும், பிறகு ஒன்று. சோறும் அப்படித்தான். ஒரு கரண்டி குறைத்து அந்த இடத்தில் அவரைக்காய்ப் பொரியலோ தட்டாம்பயறோ இருந்தால் போதும். எதையும் 'இனி தொடமாட்டேன்' என்று சபதம் போட வேண்டாம். சபதம் போட்ட பண்டம் கனவில் வரும், மின்னசோட்டாக்காரர்களைக் கேளுங்கள்.

பத்தாயிரம் அடி கணக்கும் மதினியை மிரட்டிக்கொண்டிருந்தது. மருமகள் கைக்கடிகாரம் வாங்கிக் கட்டிவிட்டிருக்கிறாள். அந்த எண் வந்த கதை வேடிக்கை. 1965-ல் ஜப்பானில் ஒரு கம்பெனி அடி எண்ணும் கருவி ஒன்றைச் சந்தைக்குக் கொண்டுவந்து 'பத்தாயிரம் அடி மீட்டர்' என்று பொருள்படும் பெயர் வைத்தது. விற்பனைக்கு வைத்த பெயர் ஊருக்கே வேதமாகிவிட்டது. 2019-ல் ஐ-மின் லீ என்ற ஆய்வாளரின் குழு, சராசரி 72 வயதான சுமார் பதினேழாயிரம் பெண்களிடம் பார்த்தது: நாளைக்கு 2,700 அடி நடந்தவர்களைவிட 4,400 அடி நடந்தவர்களின் இறப்பு விகிதம் 41 சதவீதம் குறைவு. 7,500-க்கு மேல் போனவர்களுக்குக் கூடுதலாகப் பெரிய லாபம் தெரியவில்லை. தெப்பக்குளத்தை மூன்று சுற்று சுற்றிவிட்டு வீட்டு வேலையும் பார்க்கிறவருக்கு இதுவே தாராளம். கூடவே கையை ஊன்றாமல் நாற்காலியிலிருந்து பத்து முறை எழுந்து உட்காரச் சொன்னேன், தொடைத் தசைக்கு. ஆறாவது தடவை மதினி என் தோளைப் பிடித்துக்கொண்டார். நாளைக்கு ஏழு ஆகும்.

அந்த இஞ்ச் டேப் மேசையிலேயே கிடந்தது. மதினி அதை விரலில் சுற்றிக்கொண்டே, ஏதோ குற்றத்தை ஒப்புக்கொள்வது மாதிரி சொன்னார். பீரோவில் மூன்று ஜாக்கெட் துணி தைக்காமலே கிடக்கிறதாம். ஒன்று மகள் கல்யாணத்துக்கு எடுத்த அரக்குப் பட்டு. "எளைச்சதும் தச்சுக்கலாம்னு வச்சிருக்கேன்." அப்படியே பதினொரு வருஷம். அவசரத்துக்குத் தைக்கக் கொடுத்தாலும் டெய்லர் கடையில் டேப் பிடிக்க விடமாட்டாராம். கொடுப்பது பழைய அளவு ஜாக்கெட். வந்ததும் கையைத் தூக்க முடியாது, அக்குளில் இறுகும். உள்ளே விட்டிருக்கும் துணியைப் பிரித்து, பிரித்து, இனிப் பிரிக்க இடமில்லை. நடக்கும்போது கையை வீசாமல் முழங்கையை மடக்கியே வருவார். நான் தோள்வலி என்று நினைத்திருந்தேன்.

மறுநாள் காலை மூன்று சுற்று. பதினோரு மணிக்குக் கடை திறந்ததும் இரண்டு பேரும் போனோம். டெய்லர் தம்பி வழக்கப்படி, "அளவு ஜாக்கெட் கொண்டாந்தீங்களா அத்தை?" என்றான்.

"இல்லப்பா. அளவெடுத்துக்க."

அவன் மனைவி டேப்போடு வந்தாள். மதினி இந்த முறை வயிற்றை எக்கவில்லை. எண்களைச் சொல்லச் சொல்ல அவன் பழைய டைரியில் எழுதினான். எழுதி முடித்துவிட்டு, "உள்ள துணி விட்டுத் தைக்கட்டுமா?" என்று கேட்டான்.

"விடு, விடு. ரெண்டு பக்கமும் விடு" என்றார் மதினி. "பிரிக்கவும் வரும், பிடிக்கவும் வரும்."